உட்காரும் எலும்பு

அக்டோபர் 11, 2015, ஞாயிறு

ரக்பி உலகக் கோப்பையில் எங்கள் அயர்லாந்து கார்டிஃபில் பிரான்ஸை 24-9 என்று ஜெயித்துவிட்டது. லிமெரிக் தெருவில் ஹாரன் சத்தம் இன்னும் ஓயவில்லை. எனக்குத்தான் சந்தோஷம் வரவில்லை. முதல் பாதி முடிகிற நேரம். தரையில் கிடக்கும் பந்துக்காக இரு அணியும் முட்டித் தள்ளும் ரக்கில், பந்தின் மேல் குனிந்து நின்ற எங்கள் கேப்டன் பால் ஓ'கானல் மீது ஆள் வந்து மோதியது. விழுந்தவர் எழவில்லை. ஸ்ட்ரெச்சரில்தான் கொண்டுபோனார்கள். சோபாவில் ஒருக்களித்துப் படுத்திருந்த பையன், "அப்பா, எனக்கும் இதே மாதிரிதான் ஆச்சு" என்றான்.

அக்டோபர் 13

ஓ'கானலுக்கு உலகக் கோப்பை முடிந்தது. பின்தொடைத் தசை கிழிந்திருக்கிறதாம்.

பையனை முதலில் பார்த்த டாக்டர் சுளுக்குதான், ஒரு வாரம் ஓய்வு போதும் என்று அனுப்பிவிட்டார். அதை நம்பி ஒன்பது நாள் விட்டுவிட்டேன். இன்று ஸ்கேன் பார்த்தவர் படத்தில் பென்சிலால் தொட்டுக் காட்டினார். வளரும் வயதில் தசை அறுவதற்குப் பதில், அது பிடித்திருக்கும் எலும்பின் ஓரமே துண்டாகப் பெயர்ந்துவிடுமாம். உட்காரும்போது கீழே அழுந்துகிற எலும்பு அது. விலகல் கொஞ்சம்தான், ஆபரேஷன் வேண்டாம், தானாகக் கூடிவிடும் என்றார். மறுபடி ஆட எத்தனை மாதம் என்று மூன்று முறை கேட்டேன். மூன்று முறையும் "பார்க்கலாம்" என்றார்.

ஒன்பது நாள். அந்தக் காலோடு மாடிப்படி ஏறி இறங்கியிருக்கிறான்.

அக்டோபர் 18

அர்ஜென்டினா 43, நாம் 20. ஓ'கானல் இல்லை, செக்ஸ்டன் இல்லை, ஓ'மஹோனி இல்லை.

அக்டோபர் 20

இன்று ஓ'கானலுக்கு 36 வயது.

நவம்பர் 6

நின்றுகொண்டே சாப்பிடுகிறான். அவனுக்காக நானும் நின்றே சாப்பிட்டேன்.

ராத்திரி அவன் அறைக் கதவு திறந்திருந்தது. தொடையில் டேப் சுற்றிக்கொண்டிருந்தான். லைன் அவுட்டில், அதாவது கோட்டுக்கு வெளியிலிருந்து எறியும் பந்தைப் பிடிக்க ஆளை உயரத் தூக்கும்போது, தூக்குகிறவர்களுக்குப் பிடி கிடைக்க முழங்காலுக்கு மேல் தடிமனாகச் சுற்றிக்கொள்வார்களே, அதுதான். இரண்டு காலையும் சேர்த்துப் பார்த்தபோதுதான் தெரிந்தது, அடிபட்ட தொடை எவ்வளவு இளைத்துவிட்டது என்று. என்னைப் பார்த்ததும் ஒரே இழுப்பில் பிய்த்தான். முடியோடு வந்தது.

டிசம்பர் 8

ஷானன் ஆற்றில் வெள்ளம். சுற்றுவழியில் நீச்சல் குளத்துக்குப் போனோம். தண்ணீரில் இறங்கலாம் என்று பிசியோ சொல்லிவிட்டார்.

ஓ'கானலும் சின்ன வயதில் நீச்சல் போட்டிக்குப் போனவர்தான் என்றேன். 2002இல் வேல்ஸுக்கு எதிரான முதல் ஆட்டத்திலேயே எதிரணிக் கோட்டுக்கு அப்பால் பந்தை ஊன்றி டிரை போட்டவர், தலையில் அடிபட்டதில் அதுவே அவருக்கு நினைவில்லை, அப்படி ஆரம்பித்தவர்தானே அயர்லாந்துக்காக 108 ஆட்டம் ஆடினார், எங்கள் மாகாண அணி மன்ஸ்டரோடு இரண்டு முறை ஐரோப்பிய கிளப்புகளின் ஹைனெக்கன் கோப்பை வாங்கினார், பிரிட்டன்-அயர்லாந்து கூட்டணியான லயன்ஸுக்குக் கேப்டன் ஆனார் என்று அடுக்கிக்கொண்டே போனேன். பையன் கண்ணாடியில் வழிகிற மழையையே பார்த்துக்கொண்டு வந்தான். அவனுக்கு இதெல்லாம் மனப்பாடம். எனக்குத்தான் சொல்லிக்கொள்ள வேண்டியிருந்தது.

ஜனவரி 4, 2016

ஓ'கானல் கோடையில் மன்ஸ்டரை விட்டு பிரான்ஸின் துலோன் கிளப்புக்குக் கையெழுத்துப் போட்டார். இன்னும் ஒரு ஆட்டம்கூட அங்கே ஆடவில்லை. "அவருக்கு முன்னாடி நான் வந்துடுவேன்" என்கிறான். இருவரும் சேர்ந்தே வரட்டும்.

ஜனவரி 19

வலி. மறுபடியும். தூங்கவில்லை.

பிப்ரவரி 7

டப்ளினில் வேல்ஸுடன் 16-16. ரோரி பெஸ்ட் கேப்டன். லைன் அவுட் வரும்போதெல்லாம் கண் ஓ'கானலைத் தேடுகிறது. பையன் இரண்டாம் பாதி முழுக்க நாற்காலியில் உட்கார்ந்தே பார்த்தான்! நான் ஆட்டத்தைச் சரியாகப் பார்க்கவில்லை.

பிப்ரவரி 9

ஓ'கானல் ஓய்வு அறிவித்துவிட்டார். துலோனுக்காக ஒருமுறைகூடக் களமிறங்காமலே.

மதியம் செய்தி பார்த்ததிலிருந்து வேலை ஓடவில்லை. அவனிடம் எப்படிச் சொல்வது என்றே யோசித்துக்கொண்டிருந்தேன். பள்ளியிலேயே தெரிந்திருக்கிறது. பையைக் கீழே வைத்துவிட்டு, "அவருக்கு 36 அப்பா, எனக்கு 16தான்" என்றான். அப்புறம் மாடிக்குப் போய்விட்டான். சாப்பிடக் கூப்பிட்டும் வரவில்லை.

பிப்ரவரி 11

திங்கள் காலை 9.40க்கு ஸ்கேன். வரும்போது டேப் வாங்கி வரச் சொல்கிறான். வெள்ளை வேண்டாமாம், கறுப்பு.