மூண்டாம் தரம் எழுதித்தான் கிடைச்சுது: திரைக்கதை டிப்ளோமா தெரிவுப் பரீட்சை, என்ட அனுபவம்

வெள்ளிக்கிழம பின்னேரம்தான் லிஸ்ட் போட்டாங்க. என்ட பேர் இருக்கு. அம்மா அடுப்பில வச்சத அப்பிடியே விட்டுட்டு வந்து போன வாங்கிப் பாத்து அழுதிட்டா. இப்பவே எழுதிப்போடோணும், ரெண்டு மாசம் போனா எல்லாம் லேசா நடந்த மாதிரி எனக்கே பட்டுடும்.

பேப்பரில படம் ஒண்டு தந்து காட்சி எழுதச் சொல்ற பகுதியிலதான் நான் ரெண்டு தரமும் விழுந்தன், அதப் பத்தித்தான் கதைக்கப் போறன்.

நான் மட்டக்களப்பில படுவான்கரைப் பக்கம். அம்மப்பா வடமோடிக் கூத்து ஆடினவர், கூத்தாடுற களரிக்குப் பக்கத்தில பாய் போட்டு விடிய விடியக் கூத்துப் பாத்து வளந்த புள்ள நான். கூத்தில கட்டியகாரன் வந்து ராசா வாறார் எண்டு சொல்லுவான், மறுகா ராசாவே வந்து தான் ஆர், எந்த நாடு எண்டு வரவுத் தரு எண்ட அறிமுகப் பாட்டில பாடுவார். கடைசி வரிசைச் சனத்துக்கும் விளங்கோணுமே, களரிக்கு அதுதான் சரி. வீட்டில எந்நேரமும் ரேடியோ நாடகம் வேற, அதில கண்ணுக்கு ஒண்டும் இல்லாததால எல்லாத்தையும் வாயாலயும் சத்தத்தாலயும்தான் சொல்லோணும். இந்த ரெண்டும் கையில ஊறிப்போய், நான் எழுதின ஆக்களெல்லாம் வந்த உடன தங்கட கதையச் சொல்லத் தொடங்கிடுவாங்க.

முதல் தரம் வந்த படத்தில பஸ் ஹோல்ட்டில ஒரு வயசாளி, மடியில டிபன் கரியர். நான் எழுதின முதல் வசனம் இப்பவும் பாடம்: "ஆஸ்பத்திரியில கிடக்கிற மகனப் பாக்கப் போறன் தம்பி, அவன் என்னோட மூண்டு வருசமாக் கதைக்கிறல்ல." முழுக் கதையும் ஒரு வரியில முடிஞ்சிது. அங்கால பாக்கிற ஆளுக்கு என்ன வேல? அடுத்த வருசம் வசனத்த இன்னும் வடிவாக்கினன், அதுவும் போச்சு. அதுக்குப் பிறகுதான் நாடகம் படிப்பிச்ச சேர் என்ட கொப்பிய வாசிச்சுட்டு, "புள்ள, கமராவுக்கு இதில ஒரு வேலையும் இல்லையே" எண்டார்.

மூண்டாம் தரத்துக்கு நான் செய்தது ஒண்டே ஒண்டு. முதல்ல காட்சிய வசனமே இல்லாம எழுதி முடிக்கிறது. நாலு மாசம், ஒரு நாளைக்கு ஒரு காட்சி. பேசாம ஏலவே ஏலாது எண்ட இடத்தில மட்டும் பிறகு வாயத் திறக்க விட்டன். இந்த முறை வந்த படம் ஒரு வாசல், ரெண்டு சோடி செருப்பு. என்ட காட்சியில ஒரு பொம்பள வாறா, ஒரு செருப்பக் கழட்டுறா, மற்றதுக்குக் குனியேக்க அந்தப் புதுச் சோடியக் காணுறா. கழட்டினதத் திரும்ப மாட்டிக்கொண்டு, கொண்டுவந்த மீன் பைய கதவுப் பிடியில கொழுவிட்டுப் போயிடுறா. முக்கால் பக்கம்தான். பேனைய வைக்கேக்கயே இந்த முறை கிடைக்கும் எண்டு எனக்குப் பட்டிச்சு.

மற்றது:

- உள்ளயா வெளியயா, எந்த இடம், பகலா இரவா. காட்சித் தலைப்பில இந்த மூண்டும் விடுபடக் கூடாது.
- "நினைச்சாள்", "கவலப்பட்டாள்" கண்டா வெட்டுங்க, அது கமராவில தெரியாது.
- ஒரு பக்கம் ஏறத்தாழ ஒரு நிமிசம். அஞ்சு நிமிசக் கதைக்கு 12 பக்கம் எழுதாதீங்க.
- டெலிநாடகம் எண்டா விளம்பரத்துக்கு முன்னுக்கு ஒரு கேள்விய விட்டுட்டுப் போகோணும்.
- நம்மட பேச்சிலயே எழுதுங்க, சீரியல் தமிழ் வேணாம்.
- குறூப் ஸ்டடி எனக்குச் சரிவரல்ல. தனிய இருந்து எழுதுங்க.

நேர்முகத்தில உங்கட ஊர் சினிமாக்காரர் ஒராளச் சொல்லுங்க எண்டாங்க. பாலு மகேந்திராவச் சொன்னன். அமிர்தகழியில பிறந்து, பூனா திரைப்படக் கல்லூரியில ஒளிப்பதிவு படிச்சு, தன்ட படங்களுக்குத் தானே எழுதி தானே கமராவும் பிடிச்சவர், எழுதேக்கயே ஃபிரேம் தெரிஞ்சிருக்கும் எண்டன். மறுகா, எழுதி வாழ ஏலுமா எண்டு கேட்டாங்க. விளம்பரம், டொக்கியுமெண்டரி எது வந்தாலும் எழுதுவன், பின்னேரம் டியூசனும் குடுப்பன் எண்டு உள்ளதச் சொன்னன்.

இன்னொண்டு. போன வருசம் ஒரு குறும்படத்துக்கு எழுதிக் குடுத்தன், படத்தில என்ட பேரே போடல்ல. அந்த வயித்தெரிச்சல் இன்னும் போகல்ல. நம்மட இலங்கையில 2003 ஆம் ஆண்டு 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி பதியாமலே எழுதினவருக்கு உரிமை இருக்கு, ஆனா எப்ப எழுதின எண்டு காட்டோணுமே. குடுக்க முன்னம் எழுதினத உங்களுக்கே ஒரு மெயில்ல போட்டு வையுங்க.

தோத்த ரெண்டு வருசத்துக் கொப்பிகளும் பத்திரமா இருக்கு, பிழையான வசனங்களுக்குச் சிவப்பில கோடு போட்டிருக்கன். கேட்டா ஃபோட்டோ எடுத்து அனுப்புறன்.