செட்டு கலையாத வேலை

ஒத்தக்கடையில் கட்டட மேஸ்திரியாக இருக்கும் என் மாமா, ஒரே வரைபடத்தில் வரிசையாக நான்கு வீடுகள் கட்டினார். முதல் வீட்டுக்குப் பதினான்கு மாதங்கள் ஆயின. நான்காவது வீடு, அதே ஆட்கள் செட்டோடு, ஒன்பதே மாதத்தில் முடிந்தது. சீனாவின் அணுமின் நிலையங்களைப் பற்றி வாசிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தத் தெருதான் நினைவுக்கு வருகிறது.

சீனாவின் முதல் அணுமின் உலையான சின்ஷான் 1991 டிசம்பரில்தான் மின்சாரம் தந்தது. அதற்கு முன்பே நம் கல்பாக்கத்தில் இரண்டு உலைகள் இயங்கத் தொடங்கிவிட்டன. ஆனால் அந்நாடு 2022இலும் 2023இலும் ஆண்டுக்குப் பத்து, 2024இல் பதினொன்று, 2025இல் மீண்டும் பத்து எனப் புதிய உலைகளுக்கு அனுமதி வழங்கியிருக்கிறது. இத்தனைக்கும் அதன் மின்சாரத்தில் அணுவின் பங்கு ஏறத்தாழ இருபதில் ஒன்றுதான்.

சர்வாதிகார நாடு என்பதால் வேகமாகக் கட்டுகிறார்கள் என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவது எளிது. அதில் உண்மை இல்லாமலில்லை. கூடங்குளம் உலைகளுக்கு எதிராக இடிந்தகரை மீனவர்கள் 2011இல் தொடங்கி நடத்தியது போன்ற நெடிய போராட்டம் அங்கே சாத்தியமில்லை. இருந்தாலும் 2016இல் லியான்யுன்காங் நகர மக்கள் தெருவில் இறங்கியதும், அங்கே வரவிருந்த அணு எரிபொருள் மறுசுழற்சி ஆலைத் திட்டத்தை உள்ளூர் நிர்வாகம் நிறுத்தி வைத்தது. புகுஷிமா விபத்துக்குப் பின் புதிய அனுமதிகளை நிறுத்திய சீனா, 2012இல் மீண்டும் தொடங்கியபோதும் உள்நாட்டு ஆற்றங்கரைத் திட்டங்களை ஓரம் கட்டிவிட்டது. இன்று ஓடும் வணிக மின் உலைகள் எல்லாம் கடற்கரையில்தான் இருக்கின்றன. (மதுரை ஆல்பர்ட் விக்டர் பாலத்தில் நின்று கோடையில் வைகையைப் பார்ப்பவர்களுக்கு, உலையைக் குளிர்விக்க ஆற்றை நம்புவதில் உள்ள சிக்கலை விளக்க வேண்டியதில்லை.)

என் பார்வையில் பெரிய காரணம் வேறு. பிரான்சு தன் நாட்டின் ஃபிளமான்வில்லில் 2007இல் தொடங்கிய உலை, 2024 டிசம்பரில்தான் மின்தொகுப்பில் இணைந்தது. அதே வடிவமைப்பிலான உலையைச் சீனா தைஷானில் 2009இல் தொடங்கி 2018இலேயே இணைத்துவிட்டது. பிரான்சு 1991க்குப் பிறகு பதினாறு ஆண்டுகள் எந்த உலையையும் புதிதாகத் தொடங்கவில்லை. பற்றவைப்பவரும் குழாய் பொருத்துபவரும் ஓய்வுபெற்றுப் போன பிறகு, வரைபடம் மட்டும் கையில் இருந்து என்ன பயன்? சீனாவிலோ ஓர் உலையில் கம்பி கட்டியவர்களுக்கு அடுத்த வேலை காத்திருந்தது. அவர்களது சொந்த வடிவமைப்பான ஹுவாலோங்கின் முதல் உலையே, 2015இல் கான்கிரீட் போடத் தொடங்கி 2020இல் மின்சாரம் தந்துவிட்டது.

2012இல் மணிக்கணக்கான மின்வெட்டில் விசிறியுடன் திண்ணையில் அமர்ந்து, கூடங்குளம் எப்போது ஓடும் என்று கேட்டுக்கொண்டிருந்த ஊர் எங்களுடையது. அங்கே முதலிரண்டு உலைகளின் கட்டுமானம் 2002இல் தொடங்கியது. அடுத்த இரண்டு 2017இல்தான் தொடங்கின, 2025 முடிந்தபோதும் அவை மின்சாரம் தரவில்லை. இதை மாமாவிடம் சொன்னேன். அணுவைப் பற்றி அவர் எதுவும் கேட்கவில்லை.

"பதினஞ்சு வருசமா மாப்ளே? அதுவரைக்கும் அந்த செட்டு எங்க போயிருக்கும்?" என்றார்.