அளவீட்டுக் கருவியை எங்கே வைத்தீர்கள் என்று கேட்டோம்

ஆலையை விரிவாக்க ஒரு நிறுவனம் அனுமதி கேட்டால், பக்கத்தில் குடியிருப்பவர்களின் கருத்தையும் கேட்க வேண்டும் என்பது இன்று பல நாடுகளில் விதி. தகவல் பெற, முடிவெடுப்பதில் பங்கேற்க, நீதி கேட்க மக்களுக்கு வழி இருக்க வேண்டும் என்று 1992-ஆம் ஆண்டின் ரியோ பிரகடனமே அதன் 10-ஆவது கொள்கையில் சொல்கிறது. விதியெல்லாம் சரிதான். நடைமுறையில் நம் கைக்கு வருவது பல நூறு பக்க அறிக்கை, கொஞ்சம் அவகாசம், மேடையில் பேச சில நிமிடங்கள். எங்கள் குடியிருப்பைச் சேர்ந்த சிலர் அதை எப்படிச் சமாளித்தோம் என்று எழுதி வைக்கிறேன்.

சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிக்கையை முதல் பக்கத்திலிருந்து படிக்க உட்கார்ந்தால் ஆள் சோர்ந்துவிடுவார். முன்னுரையும் திட்டத்தின் பெருமையும் முடியவே பாதி தெம்பு போய்விடும். எங்களுக்கு உதவிய ஆய்வு மாணவி ஒருவர், "நேரா பின்னிணைப்புக்குப் போங்க. எங்கே அளந்தாங்க, எப்போ அளந்தாங்க, அதை மட்டும் பாருங்க" என்றார். பார்த்தோம். காற்றின் தரத்தை அளந்த இடங்கள் வரைபடத்தில் குறிக்கப்பட்டிருந்தன. அதே அறிக்கையில் காற்று எந்தத் திசையிலிருந்து எவ்வளவு நேரம் வீசுகிறது என்ற படமும் இருந்தது. இரண்டையும் ஒன்றன்மேல் ஒன்று வைத்துப் பார்த்ததும் விஷயம் விளங்கிவிட்டது. ஆலைப் புகை அதிக நேரம் வந்து சேரும் பக்கத்தில்தான் நாங்கள் இருக்கிறோம்; எங்கள் பக்கத்தில் ஒரு கருவிகூட வைக்கப்படவில்லை. அளந்ததும் ஒரே ஒரு பருவத்தில், காற்று நன்றாக வீசிப் புகையைக் கலைத்துவிடும் மாதங்களில்.

அறிக்கையில் பொய் எதுவும் இல்லை என்பதை இங்கே சொல்லியாக வேண்டும். ஒவ்வோர் எண்ணும் உண்மையாகவே இருக்கலாம். எங்கே அளப்பது என்று முடிவு செய்த இடத்திலேயே பாதித் தீர்ப்பு எழுதப்பட்டுவிட்டது.

அமெரிக்காவின் ஃபிளின்ட் நகரில் நடந்ததை அந்த மாணவிதான் சொன்னார். 2015-இல் அங்கே குடிநீரில் ஈயம் இருக்கிறதா என்று 71 மாதிரிகளை எடுத்தார்கள். அதிக ஈயம் காட்டிய இரண்டை "விதிக்குப் பொருந்தவில்லை" என்று கணக்கிலிருந்து நீக்கினார்கள். அப்போதைய வரம்பு 15 பிபிபி, அதாவது நூறு கோடியில் 15 பங்கு. நீக்குவதற்கு முன் கணக்கு அதைத் தாண்டியிருந்தது, நீக்கியதும் கீழே இறங்கிவிட்டது. அந்த ஊர் மக்களும் வர்ஜீனியா டெக் பல்கலைக்கழக ஆய்வாளர்களும் சேர்ந்து வீடு வீடாகத் தண்ணீர் பிடித்துச் சோதித்த பிறகுதான் உண்மை நிலை வெளியே வந்தது. ஏழைகளும் கறுப்பினத்தவரும் மிகுதியாக வாழும் ஊர் அது.

நாமே அளந்து பார்க்கலாம் என்று இறங்கினோம். பிஎம் 2.5 எனப்படும் நுண்துகளை ஒளிச்சிதறல் வழியாக எண்ணும் மலிவு விலை சென்சார்கள் இப்போது எளிதாகக் கிடைக்கின்றன. ஆனால் அவற்றை அப்படியே நம்ப முடியாது. காற்றில் ஈரப்பதம் கூடினால் துகள்கள் நீரை உறிஞ்சிப் பருத்துவிடும், சென்சார் உள்ளதைவிடக் கூடுதலாகக் காட்டும். அதனால் ஒரு பல்கலைக்கழக ஆய்வகத்தின் தரமான கருவிக்குப் பக்கத்திலேயே எங்கள் சென்சார்களைச் சில வாரங்கள் ஓடவிட்டு, இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைக் கணக்கிட்டுத் திருத்திக்கொண்டோம். இந்த வேலையைத் தவிர்த்திருந்தால் நிறுவனத் தரப்பு ஆலோசகர் ஒரே வரியில் எங்களைத் தள்ளிவிட்டிருப்பார். கருவியை எந்த உயரத்தில் வைத்தோம், மின்சாரம் எப்போது போனது, பக்கத்தில் யாராவது குப்பை கொளுத்தினார்களா என்றெல்லாம் ஒரு நோட்டில் குறித்துக்கொண்டே வந்தோம். அந்த நோட்டை வைத்திருந்தவர் ஓய்வு பெற்ற கணக்காளர் அக்கா ஒருவர். தலையெழுத்து போல ஒரு தேதிகூட விடாமல் எழுதினார்.

எங்களுக்குள் பெரிய சண்டை வந்தது வேறு விஷயத்தில். நோய்க் கணக்கெடுப்பு நடத்த வேண்டும் என்று பலர் பிடிவாதமாக நின்றார்கள். வீட்டுக்கு வீடு இருமல் இருக்கும்போது துகளை எண்ணி என்ன ஆகப் போகிறது என்பது அவர்கள் வாதம். நியாயமான கோபம்தான். மாணவி தயங்கினார். சில நூறு வீடுகளை மட்டும் கேட்டால் எண்ணிக்கை போதாது, ஒப்பிட்டுப் பார்க்க வேறு பகுதியும் இல்லை. கடைசியில் "தொடர்பு நிரூபிக்கப்படவில்லை" என்றுதான் வரும், கோப்பைப் புரட்டும் அதிகாரி அதைத் "தொடர்பே இல்லை" என்று படித்துவிடுவார் என்றார். நிரூபிக்க வேண்டிய சுமை ஏன் எப்போதும் மூச்சுவிடுகிறவன் தலையிலேயே விழுகிறது என்று ஒருவர் கேட்டார். யாரிடமும் பதில் இல்லை. கணக்கெடுப்பைத் தள்ளி வைத்தோம். எனக்கு அது இன்னமும் முழு மனதுக்கு ஒப்பவில்லை.

பிஎம் 2.5-க்கு உலக சுகாதார நிறுவனம் 2021-இல் பரிந்துரைத்த 24 மணி நேரச் சராசரி அளவு, ஒரு கனமீட்டருக்கு 15 மைக்ரோகிராம். காற்று அசையாத இரவுகளில் எங்கள் பக்கம் அதைப் பல மடங்கு தாண்டியது. புகை பரவலைக் கணிக்கும் கணினி மாடல்கள் தடுமாறுவதும் அதே அசையாத நேரங்களில்தான்.

கருத்துக் கேட்புக் கூட்டத்தில் எண்களை அடுக்குவதில்லை என்று முன்பே பேசி வைத்திருந்தோம். கூச்சலில் எண் எடுபடாது. எல்லாவற்றையும் எழுத்தில் கொடுத்து, ஒப்புகை வாங்கிக்கொண்டு, மேடையில் ஒரே கேள்வியை மட்டும் கேட்டோம்: "எங்கள் பக்கம் ஏன் கருவி வைக்கவில்லை?" ஆலோசகர் எங்கள் சென்சார்களின் தரத்தைப் பற்றி நீளமாகப் பேசினார். கேட்ட கேள்விக்குப் பதில் வரவில்லை என்பது கூட்டக் குறிப்பில் பதிவாகிவிட்டது.

மதிப்பீட்டுக் குழு எங்கள் அளவீட்டைச் சான்றாக ஏற்கவில்லை. ஆனால் எங்கள் பக்கத்தில் இன்னொரு பருவம் அளந்து வரும்படி நிறுவனத்துக்குச் சொன்னது. புதிய அறிக்கையில் எண்கள் முந்தையதைவிடக் கூடுதலாக இருந்தன. அனுமதி கிடைத்தது, நிபந்தனைகளோடு: குறைந்த அளவு விரிவாக்கம், எங்கள் தெருமுனையில் நிரந்தர அளவீட்டுக் கருவி, எல்லோரும் பார்க்கும்படி பலகை. இப்போது அந்தக் கருவியைச் சரிபார்க்கும் பொறுப்பு ஆலையிடமே இருக்கிறது. அதை வெளியாள் ஒருவரிடம் கொடுக்கச் சொல்லி மனு போட்டிருக்கிறோம்.