கிண்ணம் கொடுத்த பிறகு வரும் தீர்ப்பு

யாழ்ப்பாணத்தில் விளையாட்டுச் சங்கங்கள் நீதிமன்றப் படியேறுவது பெரும்பாலும் மூன்று விஷயங்களுக்கு: லீக் நிர்வாகத் தெரிவு செல்லாது, எங்கள் கழகத்தை நீக்கியது பிழை, இறுதியாட்டத்தை நிறுத்துங்கள். நியாயம் யார் பக்கம் என்ற இடத்துக்கு நீதிபதி வந்து சேருமுன்னரே, வழக்கைப் போட்டது யார் என்பதில் பல வழக்குகள் படுத்துவிடும்.

கூட்டிணைக்கப்படாத கழகம் தன் பெயரில் வழக்காளியாக நிற்க முடியாது. பதிவிலக்கம் இருக்கிறதே என்பார்கள். பதிவு வேறு, சட்டத்தின் கண்ணில் ஓர் ஆளாக இருப்பது வேறு. குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 16ஆம் பிரிவின்படி, ஒரே நலனுள்ள பலருக்காகச் சிலர் வழக்காடலாம். அதற்கு நீதிமன்ற அனுமதி எடுக்க வேண்டும். மற்ற உறுப்பினர்களுக்கு நேரிலோ, ஆட்கள் அதிகமென்றால் பத்திரிகை மூலமோ அறிவித்தல் போக வேண்டும். செலவு வழக்காளியின் தலையில். தலைவரும் செயலாளரும் புறொக்சியில் (சட்டத்தரணியை நியமிக்கும் பத்திரத்தில்) கையெழுத்து வைத்தால் போதுமென்று நினைத்து இதை விட்டவர்கள் பின்னால் வருந்துவார்கள்.

அடுத்தது கூட்டக் குறிப்பேடு. கழகத்தின் யாப்பில், அதாவது அமைப்பு விதிகளில், 14 நாள் முன்னறிவித்தல் என்றிருக்கும். அனுப்பியதோ முதல்நாள் இரவு வட்ஸ்அப் குழுவில். கோரம், அதாவது கூட்டம் செல்லுபடியாக வர வேண்டிய குறைந்தபட்ச ஆட்கள், 25 என்றிருக்கும். வரவுப் பக்கத்தில் நீல மையில் 19 கையெழுத்து, அடியில் கறுப்பு மையில் ஆறு. தீர்மானம் எழுத வேண்டிய இடத்தில் ‘பிறகு எழுதலாம்’ என்று விட்ட வெற்றுப் பக்கம். மேன்முறையீட்டில் இவற்றைச் சரிக்கட்டலாம் என்று நம்பக்கூடாது. அங்கே வழமையாகப் புதுச் சாட்சி கேட்பதில்லை. கீழ் நீதிமன்றத்தில் குறியிட்ட ஆவணங்களையும் சாட்சியப் பதிவையும்தான் படிப்பார்கள்.

தோற்ற அன்றே பார்க்க வேண்டியது, கையில் கிடைத்தது தீர்ப்பா (வழக்கை முடித்துவைப்பது), கட்டளையா (அப்படியல்லாத முடிவு) என்பதை. தீர்ப்பென்றால் 14 நாளுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தலை மாவட்ட நீதிமன்றத்திலேயே கொடுக்க வேண்டும். எதிர்த்தரப்பின் செலவுக்கான பிணையும், அறிவித்தலை அவர்களுக்குச் சேர்ப்பித்த ஆதாரமும் கூடவே போக வேண்டும். பிறகு 60 நாளுக்குள் மேன்முறையீட்டு மனு, அதுவும் அங்கேயே. கட்டளையென்றால் 14 நாளுக்குள் சத்தியக்கடதாசியோடு அனுமதி கோரும் மனு, நேரே குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்துக்கு. 2006ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டத்தின் பின் இதற்காகக் கொழும்பு பஸ் ஏற வேண்டியதில்லை.

பூர்வாங்க ஆட்சேபணையில், அதாவது வழக்கின் நியாயத்துக்குள் போகுமுன் எதிர்த்தரப்பு எழுப்பும் ஆட்சேபணையில், வழக்குத் தள்ளுபடியானால், எல்லாம் முடிந்துவிட்டதால் அது தீர்ப்புத்தான் என்று தோன்றும். உயர் நீதிமன்றம் 2011இல் ஐந்து நீதிபதிகள் கூடிச் சொன்ன அளவுகோல் வேறு: எந்தப் பக்கம் முடிவானாலும் வழக்கு முடிந்துவிடுமா? ஆட்சேபணை நிராகரிக்கப்பட்டிருந்தால் வழக்குத் தொடர்ந்திருக்கும். ஆகவே அந்த அளவுகோலின்படி அது கட்டளை. அனுமதி கேட்டே ஆக வேண்டியிருந்தது. 16ஆம் பிரிவில் விழுந்த கழகம் இங்கே இரண்டாம் முறையும் விழக்கூடியதாக இருந்தது.

நாள் எண்ணுவதிலும் பொறி உண்டு. 14 நாளில் கட்டளை பிறந்த நாள், மனுக் கொடுக்கும் நாள், ஞாயிறு, பொது விடுமுறை எல்லாம் கழியும், சனி கழியாது. 60 நாளுக்கு அந்தச் சலுகை இல்லை, எண்ணத் தொடங்குவதும் அறிவித்தல் கொடுத்த நாளிலிருந்தல்ல, தீர்ப்பு நாளிலிருந்து. மார்ச் 1இல் தீர்ப்பென்றால் ஏப்ரல் 30 கடைசி நாள். நடுவே சித்திரைப் புத்தாண்டு வந்தாலும் வந்ததுதான்.

இதற்கிடையில் சுற்றுப்போட்டி நிற்காது. எதிர்த்தரப்பைக் கேளாமல் மாவட்ட நீதிமன்றம் தரும் தடைக்கட்டளை முதலில் 14 நாளுக்கு மேல் போகாது. நீட்டினாலும் தவணைக்கு 14 நாள்தான். அனுமதி மனுவிலேயே இடைக்கால நிவாரணத்தையும் கேட்காவிட்டால், கிண்ணம் கைமாறிய பிறகு வாதாடிக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

1973ஆம் ஆண்டின் 25ஆம் இலக்க விளையாட்டுச் சட்டத்தின்கீழ் அமைச்சர் எடுத்த முடிவு என்றால் பாதை வேறு: எழுத்தாணை (ரிட்) கோரிக் கொழும்புப் புதுக்கடையிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றம். அங்கே வெல்வது மட்டும் போதாமலும் போகலாம். 2023 நவம்பரில் அமைச்சர் கிரிக்கெட் நிர்வாகத்தை நீக்கி இடைக்காலக் குழுவை நியமித்தார். மறுநாள் நீதிமன்றம் அதை இடைநிறுத்தியது. அதே வாரம் சர்வதேசக் கிரிக்கெட் பேரவை இலங்கையின் உறுப்புரிமையை இடைநிறுத்தியது. உதைபந்தாட்டத்தில் ஃபீஃபாவின் யாப்பே சாதாரண நீதிமன்றங்களை நாடுவதைப் பொதுவாகத் தடுக்கிறது. லீக்கின் யாப்பில் நடுத்தீர்ப்புப் பிரிவு (பிணக்கை நீதிமன்றத்துக்குப் பதிலாக நடுவரிடம் விடும் விதி) இருக்கிறதா என்று வழக்குத் தாக்கல் செய்யுமுன் பார்த்துக்கொள்வது நல்லது. எதிர்த்தரப்பு நிச்சயம் பார்க்கும்.

சில மேன்முறையீடுகள் கடைசியில் இணக்கத்தில் முடியும்: இன்ன திகதிக்குள் புதுத் தெரிவு, விளையாட்டு உத்தியோகத்தர் முன்னிலையில். அந்த இணக்கத்தில் வாக்குரிமையுள்ள கழகங்களின் பெயர்ப்பட்டியலை இணைப்பாகச் சேர்த்து, இரு தரப்பும் பக்கத்துக்குப் பக்கம் கையொப்பமிட வேண்டும். பட்டியலில்லாத இணக்கத்தை வைத்துத் தெரிவுக்குப் போனால், எந்தக் கழகம் வாக்களிக்கலாம் என்ற சண்டை மண்டப வாசலிலேயே தொடங்கிவிடும்.