இரண்டு வரிகள்

உறுதிமொழிப் படிவத்தில் இரண்டு வரிகள் இருந்தன. எனக்கு முன்னால் நின்றவர் ‘கடவுளறிய’ என்ற வரியை அடித்துவிட்டு, ‘உளமார’ என்பதை விட்டுவைத்தார். மை காயும்வரை தாளை மெல்ல ஊதினார்.

அந்த இரண்டாவது வரி எளிதில் வந்ததல்ல.

1880-இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட சார்லஸ் பிராட்லா ஒரு நாத்திகர். கடவுள் பெயரைச் சொல்லாமல் உறுதிமொழி எடுக்கக் கேட்டார்; அவரை அமரவிடவில்லை. தொகுதி மக்கள் திரும்பத் திரும்ப அவரையே அனுப்பினார்கள். 1886-இல்தான் இருக்கை கிடைத்தது. கடவுள் பெயரின்றியும் உறுதி கூறலாம் என்று 1888-இல் சட்டமே மாறியது.

நான் கடவுளை நம்புகிறவன். என் ஒழுக்கம் அங்கிருந்துதான் வருகிறது. அதை மறைக்க மாட்டேன். ஆனால் எல்லோரையும் கட்டுப்படுத்தும் ஒரு சட்டத்தைக் கேட்கும்போது, என் வேதம் சொல்கிறது என்றால் போதாது. அந்த நம்பிக்கை இல்லாதவருக்கும் விளங்கும் காரணத்தைச் சொல்லியாக வேண்டும்.

‘உளமார’ என்பதை அடித்தேன். பேனாவைப் பின்னால் நின்ற பெண்ணிடம் கொடுத்தேன். அவர் எதை அடித்தார் என்று திரும்பிப் பார்க்கவில்லை.