பூ மார்க்கெட்டில் கேமரா வைத்தபோது

கல்யாண வீடியோதான் எனக்குச் சோறு போடுகிறது. அதில் மிச்சம் பிடிக்கிற காசில் ஊர்களையும் இடங்களையும் பற்றிக் குறும்படம் எடுக்கிறேன். பேட்டி, பின்னணிக் குரல் எதுவும் இருக்காது. நடப்பதை நடக்கிறபடியே பார்ப்பேன், அவ்வளவுதான். மதுரை மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டைப் படமாக்கியது இதே வழியில் வர நினைப்பவர்களுக்கு உதவலாம்.

முதலில் கமிஷன் கடைக்காரர்களிடம் பேசிச் சம்மதம் வாங்கினேன். "எந்த டிவி தம்பி?" என்றுதான் எல்லோரும் கேட்டார்கள். கேமராவைப் பார்த்ததும் சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டு நிமிர்ந்து நிற்பார்கள். அதனால் முகூர்த்த நாட்களுக்குக் காத்திருந்தேன். மார்கழிப் பனியில் மல்லிகை வரத்து குறைந்து விலை ஏறும்போதும் போனேன். அந்த நாட்களில் கேமராவைப் பார்க்க அங்கே யாருக்கும் நேரமில்லை.

விடியுமுன் அங்கே டியூப் லைட் வெளிச்சம்தான். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்; டியூப் லைட்டும் அதற்கேற்பத்தான் மினுக்கும். நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் வேகம் 1/50 நொடி என்று வைத்தால் படத்தில் பட்டை பட்டையாக ஓடாது. ட்ரைபாடைத் தராசு உயரத்துக்கு இறக்கினேன். ஒருவர் போனைத் தோளில் இடுக்கி விலை பேசிக்கொண்டே மொட்டுகளை அள்ளிக் கொட்டுகிறார். நிறுத்து முடித்தபின் ஒரு கை கூடப் போடுகிறார். ஈர முழங்கையில் இரண்டு மொட்டு ஒட்டியிருக்கிறது. இந்த ஷாட்டை எங்கேயும் வெட்டவில்லை.

பெரிய தலைவலி ஒலிதான். டீக்கடையில் சினிமாப் பாட்டு நிற்கவே நிற்காது. பாட்டு பதிவாகிவிட்டால் உரிமை வாங்க வேண்டும்; என்னைப் போன்றவர்களுக்குக் கட்டாது. "ஒரு நிமிஷம் நிறுத்துங்கண்ணே" என்று கேட்கவும் மனசில்லை, அந்தப் பாட்டும் மார்க்கெட்டின் ஒரு பகுதிதானே. மார்க்கெட்டின் மறுகோடியில் ரிக்கார்டரை வைத்து ஏலக் குரல், மூட்டை இழுபடும் சத்தம், தராசுத் தட்டின் சத்தம் எல்லாம் தனியாகப் பிடித்தேன். எடிட்டிங்கில் பாதி நாள் இதைப் பொருத்துவதிலேயே போனது. பார்க்கிறவர் மார்க்கெட்டுக்குள் நிற்பதாக உணர்வது ஒலியால்தான் என்பது என் உறுதியான எண்ணம்.

இந்தப் படங்களுக்குத் தியேட்டர் கிடையாது. மும்பையில் 1990 முதல் ஈராண்டுக்கு ஒருமுறை நடக்கும் பன்னாட்டு ஆவணப்பட விழா, திருவனந்தபுரத்தில் 2008-இல் தொடங்கிய ஆவணப்பட, குறும்பட விழா இரண்டுக்கும் அனுப்பியிருக்கிறேன். கடைக்காரர்களுக்கு அங்கேயே லேப்டாப்பில் போட்டுக் காட்டியாயிற்று. அடுத்து மதுரைக்குப் பக்கத்து அரிட்டாபட்டி. 2022-இல் பல்லுயிர் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்ட ஊர். கண்மாய் நிறைந்ததும் தொடங்க வேண்டும்.