பாம்பனை அளந்த பட்டாளப் பொறியாளர்

கோதாவரிக் கரையில் ஊருக்கு ஊர் சிலை வைத்துப் போற்றப்படும் ஆர்தர் காட்டன், மதராஸ் பொறியாளர் படையின் இளம் அதிகாரியாக 1822-இல் அளந்தது எங்கள் பாம்பன் நீர்வழியைத்தான் என்பது இராமநாதபுரக் கடற்கரையில் பலருக்குத் தெரியாது. அதற்காக யாரையும் குறை சொல்வதற்கில்லை; அவர் இங்கே எதையும் கட்டிவைத்துவிட்டுப் போகவில்லை.

1803-இல் பிறந்த அவர், கிழக்கிந்தியக் கம்பெனியின் அடிஸ்கோம்ப் பயிற்சிப் பள்ளியில் படித்து, 1819-இல் படையில் சேர்ந்தவர். பாம்பனுக்கு வந்தபோது வயது பத்தொன்பதைத் தாண்டவில்லை. எங்கள் மீனவர்கள் மன்னார் வளைகுடாவை ஆண்கடல் என்றும் பாக் நீரிணையைப் பெண்கடல் என்றும் பிரித்துச் சொல்வார்கள். இரண்டும் சந்திக்கும் அந்த இடுக்கில் பாறையும் மணல்திட்டும் நிறைந்திருக்க, கச்சான் என்னும் தென்மேற்குக் காற்று வீசும் மாதங்களில் ஒரு பக்கமாக ஓடும் நீர் வாடை பிறந்ததும் எதிர்ப்பக்கமாகத் திரும்பிவிடும். ஆழம் போதாததால் பெரிய கப்பல்கள் இலங்கையைச் சுற்றியே போயின. அந்தச் சுற்றைத் தவிர்க்க வழியுண்டா என்று பார்க்கத்தான் அளவீடு.

பிறகு பர்மாப் போருக்குப் போய் மீண்டவர், 1828 முதல் காவிரியில் இறங்கினார். அந்நாளில் பட்டாளப் பொறியாளரே அணையும் சாலையும் அமைப்பவர். ஆற்றங்கரையில் நின்றபடியே படையில் பதவி உயர்ந்து, கடைசியில் ஜெனரல் ஆகிவிடலாம். காட்டனும் அப்படித்தான் ஆனார். முக்கொம்பில் கொள்ளிடத்தின் குறுக்கே மேலணை 1836-இல் எழுந்தது. ஆழம் காணாத மணலில் அடித்தளம் போடும் வித்தையைக் கல்லணை கட்டிய நம் முன்னோரிடமிருந்தே கற்றதாக அவர் வெளிப்படையாக ஒப்புக்கொண்டதைத்தான், அவருடைய சாதனைகள் எல்லாவற்றையும்விட நான் பெரிதாக மதிக்கிறேன். வென்ற நாட்டின் அதிகாரி ஒருவர் அப்படி எழுதுவது அன்று எளிதான காரியமாக இருந்திருக்காது. அந்த மணல் பாடத்தைக் கொண்டுதான் 1847-க்கும் 1852-க்கும் இடையே தவளேஸ்வரத்தில் கோதாவரியை மறித்தார். பஞ்சத்தில் வாடிக்கொண்டிருந்த டெல்டா நெல் விளையும் பூமியானது. 1861-இல் சர் பட்டம் வந்தது.

ரயில் பாதைக்குக் கொட்டும் பணத்தைப் படகு செல்லும் கால்வாய்களுக்குச் செலவிட்டால் பாசனமும் கிடைக்கும், சரக்கும் மலிவாகப் போகும் என்று வாழ்நாள் முழுதும் வாதாடியவர் அவர். அதற்காக 1878-இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றக் குழுவின் கடுமையான கேள்விகளுக்கும் நின்று பதில் சொன்னார். அந்த வாதத்தில் அவர் தோற்றார் என்றுதான் சொல்ல வேண்டும். 1899-இல் அவர் மறைந்து பதினைந்தே ஆண்டுகளில், அவர் அளந்த அதே நீர்வழியின் மேல் ரயில் பாலம் வந்துவிட்டது.

ஆனாலும் 1914-இல் திறந்த அந்தப் பாலத்தின் நடுவில், கப்பலுக்காகப் பிளந்து உயரும் பகுதி ஒன்றை வைக்க வேண்டியிருந்தது. 2025 ஏப்ரலில் திறக்கப்பட்ட புதிய பாலத்திலும் 72.5 மீட்டர் நீளமுள்ள நடுப்பகுதி செங்குத்தாக மேலே ஏறுகிறது. அது ஏறி நிற்கும் நேரத்தில் கப்பல் கடக்கும். ரயில்தான் காத்திருக்க வேண்டும்.